சொந்தமாக நாற்காலி இருக்க வேண்டும்

ஜன்னலோரம் நீங்களே இருங்க அக்கா, எனக்கு வேண்டாம். பஸ்ஸுக்கு வெளியே பார்த்தால் ஏதாவது வெள்ளை வேன் முந்திக்கொண்டு போகும். அதில் எங்கப்பா உட்கார்ந்திருப்பார். எனக்கு வயிறு எரியும்.

ஆமாம், எங்கப்பாதான். காலையில் நானும் அவரும் ஒன்றாகத்தான் மதுரைக்கு வந்தோம். இப்போது அவர் வேற ஒருத்தி வேனில் ஊருக்குத் திரும்புகிறார். அந்த ஒருத்திக்கு எதிராகத்தான் நாங்கள் ஹைகோர்ட்டில் கேஸ் போட்டோம். கேஸ் இன்றைக்குத் தோற்றுப்போனது. தோற்ற மனுஷன் ஜெயித்தவள் வண்டியில் ஏறி வருகிறார். சிரிப்பு வந்தால் சிரிங்க அக்கா. கோர்ட்டிலேயே சிரித்துவிட்டார்கள், நீங்கள் சிரித்தால் என்ன குறைந்துவிடப் போகிறது.

நீங்கள் இறங்குவது சாத்தூர்தானே? அதற்குள் முடித்துவிடுவேன். எனக்கு இழுத்து இழுத்துப் பேச வராது. பதினொண்ணாவதில் பிசிக்ஸ் டீச்சர் ஒரே கணக்கை மூன்று நாள் இழுத்தார், நான் நாலாம் நாள் பள்ளிக்கூடம் போகவில்லை. அப்புறம் போகவே இல்லை. எங்கப்பா அடிக்கவும் இல்லை, திட்டவும் இல்லை. "சரி, குடோனுக்கு வா" என்றார். அவ்வளவுதான்.

எங்களுக்குப் பந்தல் தொழில். கல்யாணம், காதுகுத்து, கோயில் கொடைத் திருவிழா, எழவு விழுந்த துஷ்டி வீடு, எதுவானாலும் பந்தல், நாற்காலி, மைக்செட், சீரியல் லைட்டு. அதோடு எங்கள் ஊர் நகராட்சிக்கு வருஷம் பூராவும் விழா நடக்கும். சுதந்திர தினம், குடியரசு தினம், பள்ளிக்கூடத்துப் பிள்ளைகளுக்கு சைக்கிள் கொடுப்பது, எவராவது வந்து எதையாவது திறந்து வைப்பது. இதற்கெல்லாம் பந்தல் போட வருஷத்துக்கு ஒரு தடவை டெண்டர் விடுவார்கள். அதை எடுத்துவிட்டால் மழைக்காலத்திலும் வேலைக்காரர்களுக்குச் சோறு உண்டு. போன வருஷம் வரைக்கும் அது எங்களிடம் இருந்தது.

இந்த வருஷம் வளர்மதிக்குப் போய்விட்டது.

வளர்மதி யார் என்று கேட்க மாட்டீங்களா? கேளுங்க. அவள் எங்கப்பாவின் பழைய கூட்டாளி சங்கரலிங்கம் பெரியப்பாவின் மகள். ரெண்டு பேரும் பங்கு பிரித்துத் தனித்தனியாகக் கடை போட்ட பிறகும் சண்டை கிடையாது. பெரியப்பா செத்துப்போனபோது அவள் காலேஜில் பி.காம். எல்லாரும் கடையை மூடிவிடுவாள் என்றார்கள். மூடியிருக்கலாம். எங்கப்பாதான் தினமும் போய் உட்கார்ந்து, எந்தப் பந்தலுக்கு எத்தனை குழாய், காற்று அடித்தால் எந்தப் பக்கம் இழுத்துக் கட்ட வேண்டும், எந்த மண்டபக்காரன் ஏமாற்றுவான், எல்லாம் சொல்லிக்கொடுத்தார். எனக்குச் சொல்லிக்கொடுத்ததைவிட அதிகமாக. எனக்கு அவர் சொல்லிக்கொடுக்கவே இல்லை. "பாத்துக்கோ" என்பார். நான் பார்த்துக்கொண்டேன்.

அவள் எங்கப்பாவைச் சித்தப்பா என்பாள். என்னைப் பாப்பா என்பாள். எனக்குப் பதினெட்டு முடிந்துவிட்டது, இன்னும் பாப்பா. இப்போது அவளுக்குக் கண்ணாடிக் கதவு வைத்த ஆபீஸ், உள்ளே ஏ.சி., ஸ்கூட்டியில் வந்து இறங்கி ஹெல்மெட்டைக் கழற்றினால் ஒரு முடிகூடக் கலைந்திருக்காது. நகராட்சி ஆபீசில் அவள் நுழைந்தால் "வாங்க மேடம்." நான் நுழைந்தால் "என்ன பாப்பா, அப்பா வரலையா?" வீட்டுக்கு வந்தால் எங்கப்பா சோற்றைப் பிசைந்துகொண்டே, "வளருக்கு இருக்கிற நிதானம் இருக்கே, அது யாருக்கும் வராது" என்பார். எதிரே நான்தான் உட்கார்ந்திருப்பேன். வேறு யாரும் இருக்க மாட்டார்கள்.

பொறாமைதான் அக்கா. இல்லை என்று சொல்ல மாட்டேன். எனக்கு அவளைப் பார்த்தால் பற்றிக்கொண்டு வரும். ஆனால் கேஸ் பொறாமையில் போட்டதில்லை. அது வேற, இது வேற. கேஸ் நியாயத்துக்காகப் போட்டது.

நியாயம் என்னவென்றால், இந்த வருஷ டெண்டரில் புதிதாக ஒரு நிபந்தனை போட்டுவிட்டார்கள். டெண்டர் போடுகிறவரிடம் ஆயிரத்து ஐந்நூறு நாற்காலி சொந்தமாக இருக்க வேண்டுமாம். வாங்கிய பில் காட்ட வேண்டுமாம். எங்கள் தொழில் தெரிந்தவன் எவனாவது இப்படி எழுதுவானா? பந்தல்காரன் எவனிடமும் தேவைக்குத் தக்க நாற்காலி இருக்காது அக்கா. முகூர்த்த நாளில் நாங்கள் பக்கத்து ஊர்க்காரனிடம் வாங்குவோம், அவன் ஊரில் கொடை நடக்கும்போது எங்களிடம் வாங்குவான். கேட்டால் இல்லை என்று சொல்லக் கூடாது. சொன்னால் அடுத்த முகூர்த்தத்துக்கு உனக்கு எவனும் ஒரு கயிறுகூடத் தர மாட்டான். அப்படித்தான் எங்கள் பக்கம் அத்தனை பந்தலும் நிற்கிறது. எங்களிடம் சொந்தமாக எண்ணினால் அவர்கள் கேட்டதில் பாதிதான் தேறும். ஊரில் ஆயிரத்து ஐந்நூறு வைத்திருப்பது ஒரே ஆள். பேங்கில் லோன் போட்டு, புத்தம் புதுசாக, எல்லாவற்றுக்கும் பில்லோடு. யாரென்று நான் சொல்லவும் வேண்டுமா?

அப்படியானால் அந்த நிபந்தனை யாருக்காகப் போட்டது? நீங்களே சொல்லுங்க.

நகராட்சிக்காரர்கள் வேற காரணம் சொல்கிறார்கள். போன வருஷம் சைக்கிள் கொடுக்கிற விழாவில் நாற்காலி கொஞ்சம் லேட்டாகிவிட்டது. அன்றைக்குப் பெரிய முகூர்த்தம். முந்தின நாள் கயத்தாறு பக்கம் ஒரு பந்தல்காரர் வந்து கல்யாண வீட்டில் ஆள் நிற்க இடமில்லை என்று அழாத குறையாகக் கேட்டார். எங்கப்பா கொடுத்துவிட்டார். காலையில் திரும்பிவிடும் என்றார்கள். திரும்பவில்லை. பிள்ளைகளும் பெற்றவர்களும் விழா முடிகிறவரை வெயிலில் நின்றார்கள். ஒரு பாட்டி மயங்கி விழுந்தாள், சோடா கொடுத்ததும் எழுந்துவிட்டாள். இவ்வளவுதான் நடந்தது. அதைப் போய்ப் பெரிசாக்கி, அதனால்தான் நிபந்தனை என்றால்? நாற்காலி இல்லாமல் எத்தனை கல்யாணம் நடக்கிறது!

டெண்டர் போட்டோம். சொந்த நாற்காலிக்குப் பில் இல்லை என்று எங்களைத் தள்ளிவிட்டார்கள். அவளுக்குப் போனது. எங்கப்பா, "போகட்டும், நம்ம வளருக்குத்தானே போயிருக்கு" என்றார். நம்ம வளரு! நான் அன்றைக்குச் சாப்பிடவில்லை. மறுநாளே எங்கள் ஊர் வக்கீலிடம் போய், அவர் சொல்லி மதுரை வக்கீலிடம் போய், எங்கப்பாவை இழுத்துக்கொண்டுபோய்க் கையெழுத்துப் போடவைத்தேன். எங்கப்பா கடைசிவரை, "ஏட்டி, இது வேணுமாட்டி?" என்றுதான் கேட்டுக்கொண்டிருந்தார். வேண்டும் என்றேன். நகராட்சி மேல்தான் கேஸ். டெண்டர் கிடைத்தவள் என்பதால் அவளையும் எதிர்மனுதாரராகச் சேர்க்க வேண்டும் என்று வக்கீல் அவள் பேரை டைப் அடித்தார். எனக்கு அதைப் பார்க்க லட்டு தின்ற மாதிரி இருந்தது.

உங்களிடம் உள்ளதைச் சொல்கிறேனே. டெண்டர் கிடைப்பதுகூட எனக்குப் பெரிசில்லை. கேஸ் ஜெயித்தால் எங்கப்பா ஒரு தடவை, ஒரே ஒரு தடவை, சோற்றைப் பிசைந்துகொண்டே "எங்க இசக்கிக்கு இருக்கிற மூளை இருக்கே" என்று சொல்வார் இல்லையா? எனக்கு அது வேண்டும். அதற்குத்தான் அலைந்தேன். கடையை நாளைக்கு யார் கையில் கொடுப்பது என்று அவர் யோசிக்கும்போது கண்ணாடிக் கதவு அவர் ஞாபகத்துக்கு வரக் கூடாது.

இன்றைக்குக் கேஸ். கோர்ட் என்றால் நான் என்னவோ நினைத்திருந்தேன். காலையிலிருந்து உட்கார்ந்திருந்தோம். எங்கள் நம்பரைக் கூப்பிட்டு, ஒரு டீ ஆறுகிற நேரத்துக்குள் எல்லாம் முடிந்துவிட்டது.

எங்கள் வக்கீல் நன்றாகத்தான் ஆரம்பித்தார். இந்த நிபந்தனை ஒருத்தர் உடம்புக்கு அளவெடுத்துத் தைத்த சட்டை, மற்றவர்கள் யாருக்கும் பொருந்தாது என்றார். எனக்குக் கை தட்ட வேண்டும்போல இருந்தது. நகராட்சி வக்கீல் எழுந்தார். ஒல்லியான ஆள், குரல் மட்டும் பெரிசு. டெண்டருக்கு முன்னால் எல்லாரையும் கூப்பிட்டுக் கூட்டம் போட்டோம், நிபந்தனைகளை ஒவ்வொன்றாக வாசித்தோம், ஆட்சேபம் உண்டா என்று கேட்டோம், மனுதாரர் தரப்பில் ஆள் வந்திருந்தது, வாயே திறக்கவில்லை, டெண்டரும் போட்டார்கள், கிடைக்காத பிறகு நிபந்தனை சரியில்லை என்று வந்திருக்கிறார்கள் என்றார்.

நீதிபதி எங்கள் வக்கீலைப் பார்த்து, "கூட்டத்துக்கு யார் போனது?" என்றார்.

வக்கீல் திரும்பி எங்களைப் பார்த்தார். நான் எழுந்துவிட்டேன். "நாந்தாங்கய்யா."

வக்கீல் கண்ணாலேயே உட்காரச் சொன்னார். நான் உட்காரவில்லை. கேட்டால் பதில் சொல்ல வேண்டாமா?

நீதிபதி கண்ணாடியைக் கீழே இறக்கினார். "நீயாம்மா? அந்த நிபந்தனையை வாசிக்கும்போது ஏன் ஒண்ணும் சொல்லல?"

"நான் கவனிக்கலங்கய்யா."

"ஏன் கவனிக்கல?"

"வேற ஒண்ணைப் பாத்துட்டிருந்தேங்கய்யா."

அதற்குத்தான் அக்கா சிரித்தார்கள். பின்னால் ஒரு வக்கீலம்மா வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தது. நான் என்ன பொய்யா சொன்னேன்? அன்றைக்குக் கூட்டத்துக்கு வளர்மதி சாம்பல் கலரில் சுங்குடிச் சேலை கட்டி வந்திருந்தாள். நகராட்சி இன்ஜினியர் எழுந்து அவளுக்கு நாற்காலி இழுத்துப் போட்டார். எனக்குப் பியூன்தான் "அங்க உக்காரு" என்றான். அவள் ஒரு பேனாவை வைத்துக்கொண்டு அவர்கள் வாசிக்க வாசிக்கக் கோடு போட்டுக்கொண்டே இருந்தாள். அந்தச் சேலை எங்கே வாங்கியிருப்பாள், அவ்வளவு நேரம் முதுகு வளையாமல் எப்படி உட்கார்ந்திருக்கிறாள், இதையெல்லாம் பார்ப்பேனா, இன்ஜினியர் வாசிப்பதைக் கேட்பேனா?

சரி, அது போகட்டும். அதையாவது வக்கீல் சமாளித்திருப்பார். நகராட்சி வக்கீல் சைக்கிள் விழாவை எடுத்தார். நீதிபதி எங்கப்பாவைப் பார்த்தார். "பெரியவரே, அன்னைக்கு நாற்காலி எங்கய்யா போச்சு?"

எங்கப்பா கைகட்டி எழுந்தார். "ஒரு கல்யாண வீட்டுக்குக் குடுத்துட்டேங்கய்யா."

"நகராட்சிக்குத் தர்றேன்னு ஒத்துக்கிட்ட நாற்காலியையா?"

"ஆமாங்கய்யா. நம்ம தொழில்காரன் வந்து கேட்டான். இல்லைன்னு சொல்லப்படாதுங்கய்யா."

"இந்த வருஷமும் கேட்டா குடுப்பீங்களா?"

கொடுக்க மாட்டேன் என்று ஒரு வார்த்தை சொன்னால் என்ன? எங்கப்பா கொஞ்சம் யோசித்தார். உண்மையிலேயே யோசித்தார். அப்புறம், "குடுத்துருவேங்கய்யா" என்றார்.

அவ்வளவுதான். இதற்காகத்தான் இந்த நிபந்தனையே வந்திருக்கிறது என்று நீதிபதி சொல்லிவிட்டார். என்ன வேண்டும், எப்படி வேண்டும் என்று நிபந்தனை போடுவது டெண்டர் விடுகிறவர்கள் உரிமை, ஒருத்தரை ஒழித்துக்கட்ட வேண்டும் என்றே போட்டிருந்தால்தான் கோர்ட் தலையிடும், இங்கே அப்படி ஒன்றும் தெரியவில்லை, உட்கார்ந்து கேட்டுவிட்டுக் கிடைக்காத பிறகு வருவதும் சரியில்லை. தள்ளுபடி. வெளியே வந்ததும் எங்கள் வக்கீல் கோட்டைக் கழற்றிக்கொண்டே, "அப்பாவும் மகளுமா சேந்து அவங்க வக்கீல் வேலையையும் நீங்களே பாத்துட்டீங்க" என்றார். என்ன பேச்சு பாருங்க. உண்மை பேசினால் தப்பா?

கோர்ட்டுக்கு வெளியே டீக்கடை. எங்கப்பா டீ சொன்னார். நான் வேண்டாம் என்றேன். அப்போது அவள் வந்தாள்.

வந்தவள் ஜெயித்த மாதிரி வந்தாளா? இல்லை. அப்படி வந்திருந்தால்கூட எனக்குப் பரவாயில்லை. தலையைக் குனிந்து, "சித்தப்பா, வெறும் வயித்துல டீ குடிக்காதீங்க" என்று ஒரு பன்னை வாங்கி அவர் கையில் கொடுத்தாள். எங்கப்பா, "அம்மாவுக்கு முழங்கால் வலி தேவலையா?" என்றார். கேஸ் போட்டவர் கேட்கிற கேள்வியா இது? அவளும் நின்று முழங்கால் கதை முழுக்கச் சொன்னாள். நான் ரோட்டைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

அப்புறம்தான் விஷயத்துக்கு வந்தாள். சுதந்திர தினத்தன்றே புது பஸ் ஸ்டாண்டையும் திறக்கப்போகிறார்களாம். ரெண்டு இடத்தில் விழா. அவளுடைய ஆயிரத்து ஐந்நூறு பற்றாது.

"ஆடிக் கொடை நேரம் சித்தப்பா, வெளியூர்ல எங்கயும் சேர் கிடைக்கல. உங்ககிட்ட இருக்கிறது கிடைச்சா நல்லது."

எனக்கு எப்படி இருந்திருக்கும், நினைத்துப் பாருங்க! சொந்தமாக இருக்க வேண்டும் என்ற நிபந்தனையால் டெண்டரை எடுத்தவள், அந்தத் தீர்ப்பைச் சொன்ன வாய் மூடுவதற்குள் எங்களிடம் வந்து கடன் கேட்கிறாள்! பிடித்துக்கொண்டேன்.

"கடன் வாங்கினா டெண்டர் செல்லாதே. சொந்தமா இருக்கணும்லா?" என்றேன்.

அவள் கோபப்படவில்லை. "இவ்வளவு சொந்தமா இருக்கணும்னுதான் பாப்பா போட்டிருக்காங்க. அதுக்கு மேல தேவைப்பட்டா வெளிய வாங்கிக்கலாம். பதினோராவது நிபந்தனை அது. அன்னைக்கு வாசிச்சாங்களே."

பதினோராவதாம்.

எங்கப்பா பன்னை டீயில் நனைத்தார். "என்கிட்ட ஏன் கேக்கிற வளரு? குடோனு அவ கையிலதான். சாவியும் அவகிட்டதான். அவ சொல்றதுதான்."

அவள் என் பக்கம் திரும்பினாள். "குடுப்பியா பாப்பா?"

"முடியாது" என்றேன்.

எங்கப்பா ஏன் என்றுகூடக் கேட்கவில்லை அக்கா. டீயைக் குடித்து டம்ளரை வைத்தார். அவளும், "சரி பாப்பா" என்றாள். விட்டாளா? போகிறபோது திரும்பி நின்று, "ஆவணி முகூர்த்தத்துக்கு உங்களுக்குக் குழாயோ சேரோ வேணும்னா ஆள் அனுப்பு, எடுத்து வைக்கிறேன்" என்றாள். திமிரைப் பாருங்க! நான் இல்லை என்று சொன்ன பிறகு அவள் தருகிறாளாம். எங்கள் தொழிலில் இதைவிட ஒருத்தரை அசிங்கப்படுத்த முடியாது.

வேனில் இடம் இருக்கிறது, ரெண்டு பேரும் வாங்க என்றாள். எங்கப்பா ஏறிவிட்டார். "வெயில்ல எதுக்குட்டி, வா" என்றார். ஏறுவேனா? இந்தா, உங்கள் பக்கத்தில் உட்கார்ந்திருக்கிறேன்.

என்னக்கா அப்படிப் பார்க்கிறீங்க? அவர் என்ன சொன்னார் என்றா? அதான் சொன்னேனே. "குடோனு அவ கையிலதான், அவ சொல்றதுதான்."

...ஆமாம். சொன்னார்.

அவள் முன்னாடியே சொன்னார். எனக்கு அப்போது அது காதில் சரியாக விழவில்லை. நான் அவள் மூஞ்சியைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

அப்படியானால் அவள் கேட்டதும் என்னிடம்தான், இல்லையா? எங்கப்பாவை வைத்துக்கொண்டே என்னிடம் கேட்டாள். நான்தான் முடியாது என்றேன். எங்கப்பா முடியாது என்று இதுவரை யாரிடமும் சொன்னதில்லை. இப்போது ஊர் பூராவும் என்ன பேசுவார்கள்? எங்கப்பா பேரைச் சொல்லி, சீனிப்பாண்டி கடையில் இல்லை என்று சொல்லிவிட்டார்கள் என்றுதான் பேசுவார்கள். அவர் பேர்தான் கெடும். அது வேற இருக்கிறது.

அடுத்தது சாத்தூர்தான், பையை எடுத்து வச்சுக்கோங்க. ஒரு நிமிஷம் இருங்க, குடோன் ஆளுக்கு ஒரு போன் பண்ணிக்கொள்கிறேன்.

"மாடசாமி அண்ணே, நான் இசக்கி. குடோன்ல நம்ம சேரு எல்லாத்தையும் துடைச்சு அடுக்கி வைங்க. வளர்மதிக்குப் போன் போட்டு ஆள் அனுப்பச் சொல்லுங்க, வந்தா ஏத்தி விடுங்க... ஆமா, அவளுக்குத்தான்... அண்ணே, சும்மா சிரிக்காதீங்க. அவகிட்ட நான் சொன்னேன்னு சொல்லுங்க. ஒரு கண்டிஷன் இருக்குன்னு சொல்லுங்க. பஸ் ஸ்டாண்டு விழாவுல முதல் வரிசையில இருந்து கடைசி வரிசை வரைக்கும் நம்ம சேர்தான் போடணும். அவ சேரை அந்த இன்னொரு விழாவுல எங்க வேணா போட்டுக்கிடட்டும். சம்மதம்னா ஏத்துங்க, இல்லைன்னா இறக்கிருங்க."

என்ன சிரிக்கிறீங்க? பொருள் யாருடையதோ, நிபந்தனை போடுகிற உரிமையும் அவர்களுடையதுதான் என்று நீதிபதியே இன்றைக்குச் சொல்லிவிட்டார்.

எங்கள் நாற்காலி ஒவ்வொன்றின் முதுகிலும் சிவப்புப் பெயின்ட்டில் பேர் எழுதியிருக்கும் அக்கா. 'இசக்கி பந்தல் ஸ்டோர்.' குலதெய்வத்தின் பேர்தான், எனக்காக வைத்ததில்லை. எதற்காக வைத்தால் என்ன, எழுத்து அதேதான். பந்தல் அவளுடையதாக இருக்கட்டும், மைக் அவளுடையதாக இருக்கட்டும், டெண்டரும் அவளுடையதாகவே இருக்கட்டும். யார் போட்ட பந்தலானாலும் விழா நடக்கும்போது எங்கப்பா உட்காரவே மாட்டார். பந்தல் எங்கேயாவது ஆடுகிறதா என்று கடைசி வரிசைக்குப் பின்னால் போய் நின்று பார்த்துக்கொண்டே இருப்பார். அங்கே நின்று முன்னால் பார்த்தால், எத்தனை வரிசை இருந்தாலும், அவர் கண்ணுக்கு என் பேர்தான் தெரியும்.

இறங்குங்க அக்கா, பார்த்து.